படைப்பு வீட்டில் ‘வாழைப்பழச் சிலை’: சிரிப்பு ரிங்டோனை வைத்துப் பிள்ளைகள் கட்டிய ஆட்டம்

மூன்றாம்கட்டு (பள்ளத்தூர்) | வெள்ளி, இரவு 9.40

நேற்று எங்கள் வீட்டில் படைப்பு, முன்னோரை நினைத்துக் கும்பிடும் சடங்கு. வீடு வருடத்துக்கு இரண்டு முறைதான் திறக்கும்; திறந்தால் 60 பேர் வந்து இறங்குவோம். ஞாயிறு மாலை வரை இருக்கிறோம். இந்தக் கூட்டத்தில் 5 வயது முதல் 13 வயது வரை 11 பிள்ளைகள்.

ஐயா காலத்து வயரிங். முற்றத்தைச் சுற்றிய வளவு முழுவதற்கும் உருப்படியான பிளக் ஒன்றுதான். அதில் ஒரு ஜங்ஷன் பாக்ஸைச் செருகி, பக்கத்தில் ஒரு பித்தளைத் தாம்பாளத்தில் எல்லாருடைய போனையும் போட்டு வைத்திருக்கிறோம். யாருக்காவது அழைப்பு வந்தால் தாம்பாளமே சேர்ந்து அதிரும்.

சித்தப்பாவின் போனில் ‘கரகாட்டக்காரன்’ வாழைப்பழக் காட்சிதான் ரிங்டோன். படம் வந்தது 1989-இல். இந்தப் பிள்ளைகளில் முக்கால்வாசிப் பேர் படத்தைப் பார்த்ததே இல்லை. காலையில் அது ஒலித்தபோது, ஓடிக்கொண்டிருந்த ஒரு பையன் கவுண்டமணி மாதிரி இடுப்பில் கை வைத்து அப்படியே நின்றான். அடுத்தவன் செந்தில் மாதிரி விழித்தான். அவ்வளவுதான், ஆட்டம் பிறந்துவிட்டது.

மதியத்துக்குள் சட்டங்கள் முளைத்தன. வாழைப்பழம் ஒலித்தால் சிலை. இரண்டு காலும் ஒரே ஆத்தங்குடித் தரைக்கல்லுக்குள் இருக்க வேண்டும். சாதாரண மணி அடித்தால் தூணைச் சுற்றி ஓட வேண்டும். பெரிய ஆச்சியின் போனில் முருகன் பாட்டு வந்தால் உட்கார்ந்து கும்பிட வேண்டும். சிலையில் சிரித்தவர் அவுட். அவர்தான் அந்தப் போனை எடுத்துக்கொண்டு போய் உரியவரிடம் கொடுக்க வேண்டும். எங்களுக்கு இது பெரிய வசதியாக இருந்தது.

ஒரே ஒரு மணியோடு நின்றுபோன அழைப்பு கணக்கில் சேருமா சேராதா என்று வழக்கு வந்தது. தூணடியில் வட்டமாக உட்கார்ந்து பேசினார்கள். நான் காய் நறுக்கிக்கொண்டே கேட்டேன். இருபது நிமிடம். ‘முதல் சொல் காதில் விழுந்துவிட்டால் சேரும்’ என்று தீர்ப்பு. பிறகு ஒருவன் அடுப்படிக்குப் போய், அவன் அம்மாவின் போனிலிருந்து சித்தப்பாவை அழைத்து, எதிர்க்கட்சிக்காரன் ஒற்றைக் காலில் நிற்கும் நேரம் பார்த்து ஒலிக்க வைத்திருக்கிறான். தவறிய அழைப்புப் பட்டியலைத் திறந்து பிடித்துவிட்டார்கள். அழுகுணி ஆட்டம் ஆடியதற்காக இரண்டு சுற்று வெளியே. எங்கள் வீட்டுச் சின்னது (5 வயது) ஒப்புக்குச் சப்பாணி. அவள் எவ்வளவு சிரித்தாலும் அவுட் கிடையாது.

மாலை நான்கு மணிக்குச் சித்தப்பாவுக்குப் பொறுமை போய்விட்டது. ‘படைப்பு வீட்டில் இது என்ன கூத்து’ என்று எல்லாப் போனையும் ஒலியில்லாமல் செய்துவிட்டு, இரண்டு டேப்லெட்டை எடுத்துக் கொடுத்தார். ஐந்து நிமிடத்தில் வீடு அடங்கிவிட்டது. நான் ஒன்றும் சொல்லவில்லை. உண்மையைச் சொன்னால் எனக்கும் கொஞ்சம் கண் அயர வேண்டியிருந்தது.

எழுந்து வந்து பார்த்தபோது 11 பேரும் சுவரோரம் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். ஒருவரோடு ஒருவர் பேச்சில்லை. அதிலிருந்து மனம் ஒரு மாதிரியாக இருக்கிறது. சித்தப்பா செய்தது சரிதானா?

கடல்தாண்டி (கண்டனூர், இப்போது சிங்கப்பூர்) | வெள்ளி, இரவு 9.58

ஆட்டத்துக்குப் பெயர் வைத்தார்களா ஆச்சி?

மூன்றாம்கட்டு | வெள்ளி, இரவு 10.02

‘வாழைப்பழச் சிலை’.

பேரேடு (தேவகோட்டை) | வெள்ளி, இரவு 10.30

உங்கள் சித்தப்பா செய்தது முழுக்கச் சரி. படைப்பு என்பது முன்னோரை நினைத்துச் செய்கிற காரியம். புடவையும் வேட்டியும் வைத்துக் கும்பிட்டுச் சாப்பிட்ட வீட்டில், மறுநாளே ஒருவன் மற்றவனை உதைக்கிற சத்தம் தாம்பாளத்திலிருந்து வர வேண்டுமா?

இந்த ரிங்டோன் பழக்கமே எனக்குப் பிடிக்காது. வங்கியில் 34 வருடம் இருந்தவன். கடன் தவணை கட்ட முடியாமல் ஒருவர் கண் கலங்கிப் பேசிக்கொண்டிருக்கிறார். அவர் சட்டைப்பையிலிருந்து வடிவேலு அழுகிறார். அந்த மனிதர் போனை அமுக்கத் தெரியாமல் தவித்ததை இன்னும் மறக்கவில்லை.

பழைய பேருந்து நிலையம் (காரைக்குடி) | வெள்ளி, இரவு 11.15

பேரேடு ஐயா, அந்த வடிவேலுவை ஏற்றிக் கொடுத்தது நானாகவே இருக்கலாம். மன்னிக்கவும்.

2004-இல் கடை போட்டேன். அப்போது ரிங்டோன் என்றால் ‘டிங் டிங்’ மட்டும்தான். ஒரு சின்னப் புத்தகம் விற்கும். அதில் எந்தப் பாட்டுக்கு எந்த எண்ணை எத்தனை முறை அமுக்க வேண்டும் என்று இருக்கும். பார்த்துப் பார்த்து அமுக்குவேன். ஒரு விரல் தவறினால் பாட்டு ஒப்பாரி ஆகிவிடும். பிறகு பல குரலில் ஒலிக்கும் போன்கள் வந்தன. அதன் பிறகு மெமரி கார்டு. அசல் குரலே ஒலிக்கும் என்றான பிறகுதான் நகைச்சுவைக் காட்சிகள் உள்ளே வந்தன. ரிங்டோன் ஒன்று 10 ரூபாய், கார்டு நிறையப் பாட்டு ஏற்ற 50 ரூபாய். உரிமை யாருடையது என்று யாரும் கேட்கவில்லை, நானும் கேட்டுக்கொள்ளவில்லை. அது சரியில்லை என்று இப்போது தெரிகிறது.

வெட்டுவதில் ஒரு கைப்பக்குவம் இருக்கிறது. திரையில் சிரிப்பு வருவது பெரும்பாலும் ஒரு மௌனத்துக்குப் பிறகுதான். ரிங்டோனில் மௌனம் கூடாது. போன் நின்றுவிட்டது என்று ஆள் நினைத்துவிடுவார். அதனால் நல்ல காட்சிகள் பல ரிங்டோனுக்கு உதவாது. நாகேஷ் ‘காதலிக்க நேரமில்லை’யில் பாலையாவுக்குக் கதை சொல்லும் இடத்தை எத்தனையோ பேர் கேட்டார்கள். அதில் சிரிப்பே பாலையாவின் முகத்தில்தான் இருக்கிறது. சத்தத்தை மட்டும் பிரித்து எடுத்தால் பாதி போய்விடும். வெட்டிக் கொடுத்தேன், எனக்குத் திருப்தி இல்லை.

வாழைப்பழம் அப்படி இல்லை. ஒரே கேள்வி, ஒரே பதில், மறுபடியும் அதே கேள்வி. ரிங்டோன் முடிந்து தலையிலிருந்து தொடங்கினாலும் தையல் தெரியாது. கோபம் மட்டும் ஏறிக்கொண்டே போவதால் எடுக்காமல் விட்ட போனும் ஆளைத் திட்டுவது போலவே இருக்கும். ரிங்டோனுக்கு என்றே எடுத்த காட்சி என்பேன்.

நீளமும் ஒரு கணக்கு. நான் 25 நொடிக்குள் வெட்டுவேன். இடையில் நிறுவனங்கள் போட்டி போட்டுக்கொண்டு மணி அடிக்கும் நேரத்தைக் குறைத்தன. 2019 நவம்பரில் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையம் கைப்பேசிக்கு 30 நொடி, தரைவழிப் போனுக்கு 60 நொடி என்று வரையறுத்தது. அந்த நேரத்தில் ரிங்டோன் கேட்டு வருகிறவர்களே குறைந்துவிட்டார்கள். இப்போது எல்லாருடைய போனும் சட்டைப்பைக்குள் உறுமுகிறது, அவ்வளவுதான்.

பிள்ளைகளைப் பற்றி ஒன்று. கடை வாசலில் பள்ளி விட்டு வரும் பையன்கள் நான்கைந்து பேர் நிற்பார்கள். காசு இருக்காது, போனும் இருக்காது. நான் வெட்டிப் பார்ப்பதற்காகத் திரும்பத் திரும்ப ஓட விடுவேன் அல்லவா, அதைக் கேட்க நிற்பார்கள். மறுநாள் வரும்போது வசனம் முழுவதும், மூச்சு விடும் இடம் உட்பட, அவர்களுக்கு மனப்பாடம். ஒருவன் என்னிடம், ‘அண்ணே, இந்த இடத்தில் வெட்டாதீர்கள், அவர் இன்னும் முடிக்கவில்லை’ என்றான். அவன் சொன்னது சரி.

குழல்ஒலி (கானாடுகாத்தான்) | சனி, காலை 6.20

தம்பி, நீங்கள் மெமரி கார்டில் செய்ததை எங்கள் ஊர் மைக் செட்காரர் இசைத்தட்டில் செய்தார். கோயில் திருவிழா என்றால் புளியமரத்தில் குழாய் கட்டி ‘திருவிளையாடல்’ கதை வசனம் போடுவார். படம் 1965. நான் படத்தைப் பார்ப்பதற்கு முன்பே தருமி எனக்கு அத்துப்படி. எங்கள் ஆட்டத்தில் முகப்புத் திண்ணை மேடை, என் அப்பத்தாவின் துண்டு திரை. தருமியாக யார் நடிப்பது என்பதில்தான் சண்டை. சிவனாக நடிக்க ஆள் கிடைக்காது. சிவனுக்குச் சிரிப்பு வசனம் இல்லையே!

ஆகவே படக் காமெடியைப் பிள்ளைகள் எடுத்து ஆடுவது போன் வந்த பிறகு வந்த பழக்கம் இல்லை. நம் பக்கத்துக்கு இதில் பங்கும் உண்டு. 1941-இல் வந்து ஊரைச் சிரிக்க வைத்த ‘சபாபதி’யை இயக்கியவர்களில் ஒருவர் காரைக்குடியில் பிறந்த ஏ.வி. மெய்யப்பன். 1947-இல் வந்த ‘நாம் இருவர்’ காரைக்குடியில் கொட்டகை போட்டு எடுத்த படம். அந்தக் கொட்டகையைச் சுற்றி வேலி ஓரமாக நின்ற பிள்ளைகள் என்ன ஆட்டம் ஆடினார்களோ, எழுதி வைக்க ஆளில்லை.

நெல்லிக்காய் (காரைக்குடி) | சனி, காலை 7.45

எல்லாரும் இனிக்க இனிக்கப் பேசுகிறீர்கள். எனக்கு வேறு அனுபவம்.

என் மகள் கொஞ்சம் பருமன். மூன்றாம் வகுப்பில் ஒரு படக் காமெடியில் வரும் பட்டப்பெயரை அவளுக்கு வைத்துவிட்டார்கள். யாரோ ஒரு பெற்றோரின் போனில் அதுவே ரிங்டோன். பள்ளி வாசலில் அது ஒலித்தால் மொத்த வரிசையும் என் மகளைத் திரும்பிப் பார்க்கும். ஒரு வருடம். ஆசிரியையிடம் சொன்னேன், ‘சின்னப் பிள்ளைகள் விளையாட்டுக்குச் சொல்வது’ என்றார். பள்ளியையே மாற்றினோம்.

நம் காமெடியில் பாதி, ஒருவனின் நிறத்தையும் தலையையும் வயிற்றையும் வைத்துத் திட்டுவதுதான். அதையும் விளையாட்டின் மூலப்பொருள் என்று சொல்வீர்களா?

மூன்றாம்கட்டு | சனி, காலை 8.10

நெல்லிக்காய், படித்துவிட்டு நெடுநேரம் பதில் எழுத வரவில்லை. எங்கள் வீட்டிலும் நேற்று ஒருவனை ‘பன்னித் தலையா’ என்று மற்றவன் கூப்பிட்டான். ரிங்டோனில் இருந்து எடுத்ததுதான். கூப்பிடப்பட்டவன் ஆட்டத்தை விட்டுப் போய்க் கிணற்று மேடையில் உட்கார்ந்துவிட்டான். அவன் போனால் ஒரு பக்கம் ஆள் குறைகிறது. அதனால் கூப்பிட்டவனே போய்ச் சுண்டுவிரலை மடக்கி, இரண்டு விரலை நீட்டிப் பழம் விட்டு அழைத்து வந்தான். நான் தலையிடவில்லை. ஆனால் உங்கள் மகளுக்கு அப்படி எழுந்து போக ஓர் இடம் இருக்கவில்லை என்பது புரிகிறது.

சிலேட்டுக்குச்சி (புதுவயல்) | சனி, காலை 9.30

நான் தொடக்கப் பள்ளி ஆசிரியை, 19 வருடம். நெல்லிக்காய்க்கு முதலில். ‘விளையாட்டுக்குச் சொன்னது’ என்று அந்த ஆசிரியை சொன்னது தவறு. விளையாட்டுக்கு ஓர் அடையாளம் இருக்கிறது: பிடிக்கவில்லை என்றால் எழுந்து போகலாம். வகுப்பறை வரிசையில் நிற்கும் பிள்ளை எங்கே போவாள்? போக முடியாத இடத்தில் நடப்பது விளையாட்டு இல்லை. பள்ளத்தூர்ப் பையன் கிணற்று மேடைக்குப் போக முடிந்தது. அதனால்தான் மற்றவன் பழம் விட வேண்டியதாயிற்று.

இனி ஆச்சி கேட்டதற்கு. உங்கள் பிள்ளைகள் செய்ததைத்தான் கட்டற்ற விளையாட்டு என்கிறோம். யாரும் சொல்லாமல் தொடங்குவது, சட்டத்தை அவர்களே போடுவது, மாற்றுவது, சலித்தால் விடுவது. ரஷ்ய உளவியலாளர் வைகாட்ஸ்கி 1933-இல் ஓர் உரையில் இதைப் பற்றி ஒன்று சொன்னார்: குழந்தை தன்னைத் தானே மிக அதிகமாக அடக்கிக்கொள்வது விளையாட்டில்தான். வகுப்பில் நான் ‘அசையாதே’ என்றால் என் பிள்ளைகள் பத்து நொடி தாங்க மாட்டார்கள். வாழைப்பழச் சிலையில் ஒருவன் ஒற்றைக் காலில், சிரிப்பை விழுங்கிக்கொண்டு, 25 நொடி நிற்கிறான். ஆட்டம் நடக்க வேண்டும் என்பது அவனுக்கு அவ்வளவு முக்கியம். மிட்டாய் கொடுத்தாலும் இது வராது.

போன வாரம் எங்கள் பள்ளியில் கட்டட வேலைக்குக் கொட்டிய மணலில் இரண்டு பையன்கள் கண்மாய் வெட்டினார்கள். கரை, மடை, மிஞ்சிய தண்ணீர் வழியும் கலிங்கு எல்லாம் உண்டு. தண்ணீர் பாட்டிலைக் கவிழ்த்தார்கள், கரை உடைந்தது. ஒருவன் ‘மண்ணை நனைத்துக் கட்ட வேண்டும்’ என்றான். மற்றவன் ‘கலிங்கைத் தாழ்த்து’ என்றான். மூன்றாம் முறை நின்றது. நான் மணியடிக்க வேண்டியவள். நான்கு நிமிடம் தாமதமாக அடித்தேன். தலைமை ஆசிரியர் காதுக்கு இது போக வேண்டாம்.

டேப்லெட் பற்றி: உலக சுகாதார அமைப்பு 2019-இல் சொன்ன அளவு, 3, 4 வயதுக் குழந்தைக்கு உட்கார்ந்து திரை பார்ப்பது நாளுக்கு 1 மணி நேரத்துக்கு மேல் கூடாது, உடம்பு அசைவது 3 மணி நேரமாவது வேண்டும். பயணத்தில் அரை மணி கொடுத்தால் குடி முழுகிவிடாது. ஓடிக்கொண்டிருந்த ஆட்டத்தை நிறுத்திவிட்டுக் கொடுத்தார் பாருங்கள், அதுதான் எனக்கு உறுத்துகிறது.

பேரேடு | சனி, காலை 10.05

டீச்சர், வைகாட்ஸ்கி இருக்கட்டும். பெரியவர்களுக்கு மதிய உறக்கம் என்று ஓர் உரிமை உண்டா இல்லையா?

சிலேட்டுக்குச்சி | சனி, காலை 10.20

உண்டு ஐயா. 1989-இல் ஐ.நா. குழந்தைகள் உரிமை உடன்படிக்கை வந்தபோது 31-ஆம் பிரிவில் ஓய்வு, விளையாட்டு இரண்டையும் சேர்த்தே எழுதினார்கள். இந்தியா 1992-இல் ஏற்றது. ஆனால் அந்த ஓய்வும் குழந்தைகளுக்கு எழுதியது!

ஊர்ப்பொது (கோட்டையூர்) | சனி, மதியம் 12.15

அருமையான விவாதம். ஒரு யோசனை சொல்கிறேன். வருகிற விடுமுறையில் ஊர் சார்பில் பாரம்பரிய விளையாட்டு விழா நடத்துவோம். பல்லாங்குழி, தாயம், பம்பரம், கிட்டிப்புள், ஆடுபுலி ஆட்டம். வயதுவாரியாகப் பிரிவு, நடுவர்கள், கோப்பை, சான்றிதழ், ஒரே நிறத்தில் சட்டை. ஜூன் 11-ஐ ஐ.நா. உலக விளையாட்டு நாளாக அறிவித்து 2024 முதல் கொண்டாடுகிறார்களாம், அதையொட்டியே வைக்கலாம். நன்கொடையாளர் இருக்கிறார்கள்.

குழல்ஒலி | சனி, மதியம் 12.50

தம்பி, கோபித்துக்கொள்ள வேண்டாம். இப்படி ஒன்றுக்கு நான் நடுவராகப் போயிருக்கிறேன். பிள்ளைகள் ஒன்பது மணிக்கே சட்டை போட்டு வரிசையில் நின்றார்கள். சிறப்பு விருந்தினர் பதினொன்றேகாலுக்கு வந்தார். அவர் தம் சிறு வயதில் பம்பரம் விட்டதைப் பற்றி முக்கால் மணி நேரம் பேசினார். பிறகு பல்லாங்குழி, ஆளுக்கு ஏழு நிமிடம். ஒரு பெண் குழந்தை ஒரு குழியிலிருந்து முத்தை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தாள். ‘தாத்தா, நான் இப்போது என்ன செய்ய வேண்டும்?’ எனக்குச் சொல்லத் தெரியவில்லை. அவள் ஆட்டத்தை நான் ஏன் ஆட வேண்டும்?

அணி பிரிப்பதைச் சொல்கிறேன். விழாவில் பெயர்ப்பட்டியல் வாசிப்பீர்கள். நாங்கள் உத்தி கட்டுவோம். ஏறக்குறையச் சமபலமுள்ள இரண்டு பேர் தோளில் கை போட்டுக்கொண்டு தள்ளிப் போய், இரகசியமாக ஆளுக்கொரு பெயர் வைத்துக்கொண்டு வருவார்கள். ஒருவன் புலி, ஒருவன் சிங்கம். தாச்சி, அதாவது அணித் தலைவன், எதைக் கேட்கிறானோ அவன் அந்தப் பக்கம். இதில் நுட்பம் என்னவென்றால், எனக்கு ஈடானவன் யார் என்று நானே முடிவு செய்ய வேண்டும். பெரிய ஆளோடு சோடி சேர்ந்தால் ஊர் சிரிக்கும். சின்னவனோடு சேர்ந்தால் ஏமாற்று. தன் பலத்தைத் தானே நிறுத்துப் பார்க்கும் தராசு அது. எந்த நடுவராலும் இதைச் செய்ய முடியாது.

ஒப்புக்குச் சப்பாணிக்கு உங்கள் விழாவில் எந்தப் பிரிவு? வயதுவாரியாகப் பிரித்துவிட்டால் ஐந்து வயதுக்காரி ஐந்து வயதுக்காரர்களோடுதான் நிற்பாள். பன்னிரண்டு வயதுக்காரன் அவளுக்காகக் கொஞ்சம் மெதுவாக ஓட வேண்டிய அவசியமே வராது.

ஊர்ப்பொது | சனி, மதியம் 1.05

அப்படியானால் ஒன்றுமே செய்யக் கூடாதா? பல்லாங்குழி எது என்றே தெரியாமல் ஒரு தலைமுறை வளர்கிறது. விழா என்று ஒன்று நடந்தால்தானே தெரியும்?

பேரேடு | சனி, மதியம் 1.30

ஊர்ப்பொது சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. எங்கள் வீட்டில் மீன் வடிவத்தில் மரப் பல்லாங்குழி இருக்கிறது, 14 குழி, என் தமக்கைக்கு வாங்கியது. பரணில் கிடக்கிறது. சோழி எல்லாம் போய்விட்டது. அந்தக் காலத்திலேயே புளியங்கொட்டை போட்டுத்தான் ஆடுவோம். என் பேரன் அதைப் பார்த்துவிட்டு, ‘இது முட்டை வைக்கும் பெட்டியா ஐயா’ என்றான்.

பழைய பேருந்து நிலையம் | சனி, மதியம் 1.40

பேரேடு ஐயா, கேட்டால் கோபிக்க மாட்டீர்களே. உங்கள் ரிங்டோன் என்ன?

பேரேடு | சனி, மதியம் 2.15

திருப்புகழ் வைத்திருந்தேன். போன மாதம் பேரன் வந்து மாற்றிவிட்டுப் போய்விட்டான். பழையதை எடுக்கத் தெரியவில்லை. ஒரு மாதமாக நாகேஷ். பாலையாவுக்குக் கதை சொல்கிறார்.

உங்கள் தையலாகத்தான் இருக்கும். நடுவில் ஓர் இடத்தில் குதிக்கிறது.

கடல்தாண்டி | சனி, மாலை 4.30

எனக்கு வேறு கவலை. வருடம் ஒரு முறை பையனைக் கண்டனூர் அழைத்து வருகிறேன். அவன் ஓட வளவு இருக்கிறது, இரண்டாம் கட்டு, மூன்றாம் கட்டு என்று வீட்டின் அடுத்தடுத்த பகுதிகள் இருக்கின்றன, பின்னால் தோட்டம் இருக்கிறது. தெருவில் 22 வீடு. 17 வீட்டில் பூட்டு. சேர்ந்து ஆட, பால்காரர் மகன் ஒருவன் வந்தால் உண்டு. இரண்டு பேரை வைத்துக்கொண்டு உத்தி கட்ட முடியுமா? மூன்றாம் நாள் என் பையன் போனைக் கேட்டான், கொடுத்துவிட்டேன். மற்றவர்கள் இதற்கு என்ன செய்கிறீர்கள்?

சிங்கப்பூரில் அடுக்ககத்துக்குக் கீழே பத்துப் பிள்ளைகள் இருக்கிறார்கள். ஆளுக்கொரு வகுப்புக்கு நேரமாகிவிடுகிறது.

சிலேட்டுக்குச்சி | சனி, மாலை 5.15

பால்காரர் மகனிடம் ‘உன் கூட்டாளிகளையும் கூட்டிக்கொண்டு வா’ என்று சொல்லிப் பார்த்தீர்களா? வளவுக்குள் விடுவதற்கு வீட்டில் பெரியவர்கள் சம்மதிப்பார்களா என்பதையும் சேர்த்துக் கேட்கிறேன். எங்கள் பக்கத்தில் பல வீடுகளில் இடறுவது அந்த வாசல்படிதான். இதைச் சொன்னால் சிலருக்குப் பிடிக்காது.

கடல்தாண்டி | சனி, மாலை 5.40

கேட்கவில்லை டீச்சர். கேட்டிருக்க வேண்டும்.

பழைய பேருந்து நிலையம் | சனி, இரவு 8.50

பெரியவர்களும் இப்படி ஆடுவார்கள் என்பதற்கு ஒன்று சொல்லிவிட்டுப் போகிறேன். 2019 மே மாதம், ஏதோ ஒரு முகநூல் பக்கத்தில் சுத்தியல் படத்தைப் போட்டு, உங்கள் ஊரில் இதற்கு என்ன பெயர் என்று கேட்டிருந்தார்கள். நம் ஆள் ஒருவர் பெயரைச் சொல்லிவிட்டு, இது விழுந்துதான் கான்ட்ராக்டர் நேசமணிக்கு மண்டை உடைந்தது என்று எழுதினார். 2001-இல் வந்த ‘ப்ரண்ட்ஸ்’ படத்தில் வடிவேலுவின் பாத்திரம் அது. அடுத்தவர் ‘இப்போது எப்படி இருக்கிறார்’ என்று கேட்டார். இரண்டே நாளில் ஊரெல்லாம் நேசமணி உடல்நலம் தேற வேண்டிக்கொண்டது. உலக அளவில் பேச்சானது. யாரும் ஏற்பாடு செய்யவில்லை, பரிசு இல்லை, நடுவர் இல்லை. ‘அவர் கற்பனைப் பாத்திரம்’ என்று சொன்னவர்தான் அவுட். அது முழுக்கச் சிலை ஆட்டம் மாதிரியே ஓர் ஆட்டம். அந்த வாரம் என் கடையிலும் அந்தக் காட்சியை வெட்டிக் கேட்டு நாற்பது வயதுக்காரர்களாக வந்தார்கள்.

நெல்லிக்காய் | சனி, இரவு 9.20

அந்த நேசமணியில் யாரையும் யாரும் திட்டவில்லை. என் மகளும் சேர்ந்து வேண்டிக்கொண்டாள். இதையும் சொல்லிவிட வேண்டும் என்று தோன்றியது.

ஆச்சி, உங்கள் வீட்டில் இன்று என்ன ஆயிற்று? எழுதவே இல்லையே.

மூன்றாம்கட்டு | ஞாயிறு, காலை 7.30

நேற்று முழுவதும் அடுப்படி. கந்தரப்பத்துக்கு மாவு ஆட்டி, வெள்ளைப் பணியாரம் ஊற்றி, நிமிர நேரமில்லை. இப்போதுதான் உட்கார்ந்தேன்.

நேற்றுக் காலையில் மறுபடியும் டேப்லெட்தான். சித்தப்பா சத்தத்தைத் திறந்து விடச் சம்மதிக்கவில்லை. அவரும் பேரேடு ஐயாவைப் போலத்தான், காரியம் நடந்த வீடு என்கிறார். நானும் வற்புறுத்தவில்லை. பதினொரு மணிக்குக் கரண்ட் போனது. இரண்டு மணிக்குள் இரண்டு டேப்லெட்டும் அணைந்துவிட்டன. கொஞ்ச நேரம் ஆளாளுக்கு முறைத்துக்கொண்டும் உருண்டுகொண்டும் கிடந்தார்கள். ‘சலிக்கிறது, சலிக்கிறது’ என்று என் முந்தானையைப் பிடித்து இழுத்தார்கள். ‘போய் மாவுக்கல்லைச் சுற்று’ என்றேன். யாரும் வரவில்லை.

பிறகு ஒருவன் ‘சிலை ஆடலாம்’ என்றான். ‘எப்படி ஆடுவது, போன் எல்லாம் ஊமை’ என்று மற்றவன் சொன்னான். தாம்பாளத்தைச் சுற்றி நின்று பார்த்தார்கள். ஒலிக்காத போனை வைத்துக்கொண்டு என்ன செய்வது?

அப்போது சின்னது, அதுதான் ஒப்புக்குச் சப்பாணி, தாம்பாளத்தைக் காலால் ஓரமாகத் தள்ளிவிட்டு அந்த இடத்தில் சப்பணம் போட்டு உட்கார்ந்தாள். கண்ணை மூடிக்கொண்டாள். ‘நான் போன்’ என்றாள். பிறகு வாழைப்பழம் முழுவதையும், இரண்டு குரலிலும், நடுவில் வரும் கரகரப்போடு, அப்படியே ஒலித்தாள். பத்துப் பேரும் கல்லுக்குக் கல் சிலையானார்கள். பெரியவன் ஒரு கையைத் தூக்கியபடி நின்றான். கழுத்தில் வேர்வை வழிகிறது, துடைக்கவில்லை. வெளியே வெயில், வளவு வாசலில் காய வைத்த வற்றல்மேல் காக்கை. விரட்டக்கூட யாரும் அசையவில்லை.

பழைய பேருந்து நிலையம் | ஞாயிறு, காலை 7.42

எத்தனை நொடி ஒலித்தாள் ஆச்சி?

மூன்றாம்கட்டு | ஞாயிறு, காலை 7.50

எண்ணவில்லை. தூங்கிக்கொண்டிருந்த சித்தப்பா எழுந்து, சட்டைப்பையைத் தடவிக்கொண்டே மூன்றாம் கட்டிலிருந்து ஓடி வரும் வரை.